நெருப்போடு விழுங்கும் நட்சத்திரம்: கார்த்திகையின் 21 அதிசய இழைகள் தெரியுமா?

எரிகிற திரியை அணைக்காமல், சுடரோடு சேர்த்து அப்படியே வாயில் போட்டு விழுங்குகிறார்கள், தெரியுமா? எங்கோ கண்காணாத தீவில் இல்லை. காரைக்குடியில், தேவகோட்டையில், நம் செட்டிநாட்டு வீடுகளின் வளவில்! மார்கழி இரவு ஒன்றில், பள்ளிக்கூடம் போகிற பிள்ளை முதல் பல் விழுந்த அப்பத்தா வரை வரிசையாக வந்து கை நீட்டி வாங்கி விழுங்குகிறார்கள். ஒரு நாக்கும் சுடுவதில்லை!

அந்தச் சுடர் எங்கே தொடங்குகிறது தெரியுமா? வானத்தில்! கார்த்திகை என்ற நட்சத்திரத்தில்! வெறும் ஒளிப்புள்ளிகளுக்கு நம் முன்னோர் பெயர் வைத்தார்கள், உறவு வைத்தார்கள், சாபமும் விமோசனமும் கொடுத்தார்கள், கடைசியில் ஊரும் கோயிலும் கட்டிக் குடியமர்த்தினார்கள். கார்த்திகை தீபத்துக்கு மறுநாள் தொடங்கி நாளுக்கு ஒரு நூலாக 21 நூல் சேர்த்துத் திரித்த அந்தத் திரிதான், செட்டிநாட்டு நகரத்தார் எடுக்கும் பிள்ளையார் நோன்பின் இழை. நாமும் அதே கணக்கில் 21 இழை எடுப்போம். விரல் விட்டு எண்ணிக்கொண்டே வாருங்கள்!

இழை 1: கார்த்திகை ஒரு நட்சத்திரமே இல்லை, தெரியுமா?

பஞ்சாங்கத்தில் அதற்கு ஒரே பெயர். வானத்தில் பார்த்தால் அது ஒரு கொத்து! ரிஷப ராசிப் பக்கம், ஒரு பிடி மல்லிகை மொட்டை யாரோ நெருக்கி வைத்தது போல இருக்கும். வெறுங்கண்ணுக்கு ஆறு தெரியும். உண்மையில் அங்கே இருப்பவை ஆயிரத்துக்கும் மேல்! எல்லாமே ஒரே வாயு மேகத்திலிருந்து ஏறக்குறைய ஒரே காலத்தில் பிறந்தவை. அக்கா தங்கைகள் என்று புராணம் சொன்னதை, கூடப்பிறந்தவை என்று வானியலும் ஒப்புக்கொள்கிறது!

இழை 2: இன்று நீங்கள் பார்ப்பது பழைய வெளிச்சம்!

அந்தக் கொத்துக்கும் நமக்கும் தூரம் ஏறத்தாழ 440 ஒளியாண்டு. இன்றிரவு உங்கள் கண்ணில் விழும் ஒளி அங்கிருந்து கிளம்பியபோது மதுரையில் நாயக்கர் ஆட்சி, வடக்கே அக்பர் ஆட்சி! பர்மாத் தேக்குத் தூண் நிறுத்திய நம் செட்டிநாட்டு மாளிகைகளில் ஒன்றுகூட அன்று கிடையாது. மரம் வளர்ந்து, கப்பலேறி, தூணாகி, வீடாகி, பல தலைமுறை வாழ்ந்த பிறகு இப்போதுதான் அந்த வெளிச்சம் நம் முற்றத்துக்கு வந்து சேர்கிறது!

இழை 3: இவர்கள் இன்னும் இளம்பெண்கள்!

நம் சூரியனுக்கு வயது சுமார் 460 கோடி ஆண்டு. கார்த்திகைக் கொத்துக்கோ வெறும் 10 கோடி ஆண்டுதான்! பூமியில் டைனோசர்கள் நடமாடத் தொடங்கி வெகுகாலம் கழித்துப் பிறந்தவை இவை. இளமையின் சூடு அவற்றின் நிறத்திலேயே தெரியும். பிரகாசமான அந்த ஆறும் சூரியனைவிட ஏறத்தாழ இரண்டு மடங்கு வெப்பமான நீல நட்சத்திரங்கள்!

இழை 4: தொலைநோக்கி வந்ததும் ஆறு 36 ஆனது!

1610. இத்தாலியில் கலிலியோ தன் சின்னஞ்சிறு தொலைநோக்கியைக் கார்த்திகைப் பக்கம் திருப்பினார். ஆறு தெரிந்த இடத்தில் 36 நட்சத்திரங்களைக் குறித்துப் படமாகவே வரைந்து, அந்த ஆண்டே புத்தகமாக வெளியிட்டார். கண்ணுக்குத் தெரிவதோடு வானம் முடிவதில்லை என்று மனிதனுக்கு முதன்முதலில் காட்டிய இடங்களில் இதுவும் ஒன்று!

இழை 5: தமிழில் இதற்கு என்ன பெயர் தெரியுமா? அறுமீன்!

ஆறு மீன், அறுமீன்! நீரில் நீந்துவதும் மீன், வானில் மின்னுவதும் மீன். சங்க இலக்கியத்தில் இந்தப் பெயர் வருகிறது. அகநானூற்றின் 141-ஆம் பாடலில் நக்கீரர், மழை ஓய்ந்த நள்ளிரவில் நிறைமதியோடு அறுமீன் சேரும்போது தெருவெல்லாம் விளக்கேற்றி மாலை தொங்கவிட்டு ஊரே கூடும் விழாவைச் சொல்கிறார். அதே மாதம், அதே நிலவு, அதே நட்சத்திரம், அதே விளக்கு! இந்த வருடம் உங்கள் வாசலில் நீங்கள் வைக்கப்போகும் அகல், சங்க காலத்திலிருந்து அணையாமல் கைமாறி வந்த ஒன்று!

இழை 6: சிந்துவெளி முத்திரையிலும் கார்த்திகையா?

சிந்துவெளி எழுத்தை இன்று வரை யாரும் முழுதாகப் படித்துவிடவில்லை. ஆனால் அந்த முத்திரைகளில் மீன் வடிவம் திரும்பத் திரும்ப வருகிறது. ஃபின்லாந்து அறிஞர் அஸ்கோ பர்போலா ஒரு கருத்தை முன்வைத்தார். அந்த மீன், விண்மீனைக் குறிக்கலாம்; ஆறு கோடுகளோடு வரும் மீன், அறுமீனாகிய கார்த்திகையாக இருக்கலாம்; ஏழு கோடுகளோடு வரும் மீன், சப்தரிஷி மண்டலமாக இருக்கலாம் என்றார். அறிஞர்களிடையே விவாதம் தொடர்கிறது. அந்தக் கருத்து நிற்பதே மீன் என்ற நம் ஒரு சொல்லின் மேல்தான் என்று நினைக்கும்போது உடம்பு சிலிர்க்கிறதா இல்லையா!

இழை 7: வானத்தைக் கணித்த புலவர் நம் மாவட்டத்துக்காரர்!

உலகமே தன் ஊர், எல்லோரும் தன் உறவு என்று பாடிய கணியன் பூங்குன்றனாரைத் தெரியாதவர் உண்டா? அவருடைய பூங்குன்றம் எது தெரியுமா? திருப்பத்தூர் வட்டாரத்தில் இருக்கும் மகிபாலன்பட்டிதான் அது என்று அறிஞர்கள் அடையாளம் காட்டுகிறார்கள். நம் சிவகங்கை மாவட்டம்! கணியன் என்றால் கணிப்பவன். கோளும் நாளும் பார்த்துக் காலம் சொல்பவன். தலைக்கு மேலே எல்லா ஊருக்கும் பொதுவான வானத்தை ராத்திரி ராத்திரியாகப் பார்த்தவருக்கு, கீழே இருக்கும் எல்லா ஊரும் சொந்த ஊராகத் தோன்றியதில் வியப்பென்ன!

இழை 8: ஒரு காலத்தில் அசுவினி முதல் நட்சத்திரம் இல்லை!

அசுவினி, பரணி, கார்த்திகை என்றுதானே இன்று ஒப்பிக்கிறோம்? வேதகாலப் பட்டியல்களில் வரிசை கார்த்திகையில்தான் தொடங்கும்! ஏன் தெரியுமா? பூமி, வேகம் குறைந்த பம்பரம் போலத் தலையாட்டிக்கொண்டே சுழல்கிறது. ஒரு முறை தலையாட்டி முடிக்க ஏறத்தாழ 26,000 ஆண்டு! அதனால் பகலும் இரவும் சமமாகும் நாளில் சூரியன் நிற்கும் நட்சத்திரம் மெதுவாக மாறிக்கொண்டே வருகிறது. ஏறத்தாழ 4,300 ஆண்டுகளுக்கு முன் அந்த இடம் கார்த்திகையின் பக்கத்தில் இருந்தது. கார்த்திகைப் பெண்கள் கிழக்குத் திசையை விட்டு விலகாதவர்கள் என்று சதபத பிராமணம் குறித்து வைத்திருக்கிறது!

இழை 9: கார்த்திகைப் பெண்களுக்குப் பெயர் இருக்கிறது. அந்தப் பெயரில் மழை பெய்கிறது!

தைத்திரீய சம்ஹிதை கார்த்திகைப் பெண்களைப் பெயர் சொல்லி அழைக்கிறது. அம்பா, துலா, நிதத்னி, அப்ரயந்தி, மேகயந்தி, வர்ஷயந்தி, சுபுணிகா. அப்ரம் என்றால் மேகம். மேகம் சொல்லவே வேண்டாம். வர்ஷம் என்றால் மழை! முகில் கூட்டுகிறவள், மேகம் திரட்டுகிறவள், மழை பெய்விக்கிறவள்! ஊரணியும் கண்மாயும் நிறைந்தால்தான் பிழைப்பு என்று வானத்தைப் பார்த்தே வாழ்ந்த மண் நம்முடையது. வடகிழக்குப் பருவமழை பெய்யும் கார்த்திகை மாதத்துக்கு, மழைக்காரிகளின் பெயர் எவ்வளவு பொருத்தமாக வந்து அமைந்திருக்கிறது!

இழை 10: அந்தப் பெயர்கள் இன்றும் செட்டிநாட்டில் உயிரோடு இருக்கின்றன!

மூச்சைப் பிடித்துக்கொள்ளுங்கள்! திருப்பத்தூர் அருகே பட்டமங்கலம் என்று ஒரு ஊர். அந்தக் கோயிலின் தலபுராணம் கார்த்திகைப் பெண்களின் பெயர்களைச் சொல்கிறது. நிதர்த்தனி, அபரகேந்தி, மேகேந்தி, வர்த்தயேந்தி, அம்பா, துலா. மேலே இருக்கும் பட்டியலோடு வைத்துப் பாருங்கள்! நிதத்னி நிதர்த்தனி ஆகியிருக்கிறாள். மேகயந்தி மேகேந்தி ஆகியிருக்கிறாள். வர்ஷயந்தி வர்த்தயேந்தி ஆகியிருக்கிறாள். பல நூறு தலைமுறைகளின் நாக்கில் உருண்டு உருண்டு, ஆற்றுக் கூழாங்கல் போல வழவழப்பாகி, ஒரு செட்டிநாட்டுக் கிராமத்தில் வந்து தங்கியிருக்கின்றன அந்தப் பெயர்கள்!

இன்னொன்றைக் கவனித்தீர்களா? அந்தப் பட்டியலில் ஏழு பேர். நம் ஊர்ப் பட்டியலில் ஆறு பேர். சுபுணிகாவைக் காணோம்! ஏழாவது பெண் எங்கே போனாள்? கொஞ்சம் பொறுங்கள், அதற்கும் வருகிறேன்.

இழை 11: நட்சத்திரங்கள் கல்லாகிக் கிடந்த ஊர்!

பட்டமங்கலத்தின் கதை இது. சரவணப் பொய்கையில் முருகனுக்குப் பால் கொடுத்து வளர்த்த ஆறு பெண்களும் சிவபெருமானிடம் போய் அட்டமாசித்தியைக் கற்றுக்கொடுக்கும்படி கேட்டார்கள். அணிமா, மகிமா, கரிமா, இலகிமா, பிராப்தி, பிராகாமியம், ஈசத்துவம், வசித்துவம் என்ற எட்டு அரிய ஆற்றல்கள்! ஈசனும் சொன்னார். அவர்கள் அதை மனத்தில் நிறுத்தத் தவறினார்கள். விளைவு? பட்டமங்கலத்தில் ஆலமரத்தடியில் ஆயிரம் ஆண்டு பாறையாகக் கிடக்கும்படி சாபம்!

வானத்தில் மின்னியவர்கள் மண்ணில் கல்லானார்கள். மழையும் வெயிலும் அவர்கள் மேல் விழுந்தன. ஆயிரம் ஆண்டு முடிந்ததும் அதே ஈசன், குருவாக, அதே ஆலமரத்தடிக்கு அவர்களைத் தேடி வந்தார். பார்வை பட்டதும் பாறைகள் பெண்களாயின. விட்ட இடத்திலிருந்து பாடம் தொடங்கியது! திருவிளையாடற் புராணத்தில் இது 33-ஆவது படலம். பாடத்தில் கவனம் சிதறிய மாணவர்களை ஆசிரியர் கைவிடவில்லை. ஆயிரம் ஆண்டு காத்திருந்து, அவர்கள் இருந்த இடத்துக்கே நடந்து வந்து, இரண்டாம் முறை சொல்லிக்கொடுத்தார். பிள்ளைக்குப் படிப்பு ஏறவில்லையே என்று கவலைப்படும் தாய்மார் இந்தக் கோயிலுக்கு வந்து நிற்பதன் பொருள் புரிகிறதா!

இழை 12: இங்கே தட்சிணாமூர்த்தி கிழக்கு பார்க்கிறார், தெரியுமா?

தட்சிணம் என்றாலே தெற்கு. பெரும்பாலான சிவன் கோயில்களில் தட்சிணாமூர்த்தி தெற்கு நோக்கித்தான் இருப்பார். பட்டமங்கலத்தில் அவர் கிழக்கு நோக்கி அமர்ந்திருக்கிறார்! குருப்பெயர்ச்சி நாளில் அந்தச் சின்ன ஊர் கொள்ளாத கூட்டம். இப்போது எட்டாவது இழையைத் திரும்பிப் பாருங்கள். கிழக்கை விட்டு விலகாதவர்கள் என்று பழைய நூல் குறித்தது யாரை? கார்த்திகைப் பெண்களை! அந்தப் பெண்களுக்குப் பாடம் சொல்ல வந்த குருவும் கிழக்கையே பார்க்கிறார். இரண்டுக்கும் தொடர்பு உண்டோ இல்லையோ, அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்போது மனம் பொங்குகிறது!

இழை 13: வளர்த்தவர்கள் பெயரால் அழைக்கப்படும் தெய்வம்!

கார்த்திகேயன் என்றால் கார்த்திகைப் பெண்களின் பிள்ளை. பெற்றவர் பெயர் ஒருபுறம் இருக்க, பால் கொடுத்து வளர்த்த ஆறு பேரின் பெயர் அவனுக்கு நிலைத்துவிட்டது. காரைக்குடி பக்கத்தில் மயில் வடிவில் தெரியும் குன்றக்குடி மலைமேல் நிற்கிறான் அந்தச் சண்முகநாதன். அந்தக் குன்றக்குடியில்தான் ஒவ்வொரு வருடமும் நகரத்தாரின் பழனிக் காவடிகள் கூடுகின்றன. சிங்கம்புணரி, நத்தம், திண்டுக்கல் வழியாகத் தைப்பூசத்துக்கு நடந்தே போகிறார்கள். திரும்புவதும் நடந்தேதான், தெரியுமா! கார்த்திகையின் பிள்ளையைப் பார்க்கப் பூச நட்சத்திரத்தன்று போகும் பயணம் அது. பூசமும் ஒரு நட்சத்திரக் கொத்தை ஒட்டியது. கடக ராசியில் மங்கலாகப் புகை போலத் தெரியுமே, அந்தக் கொத்து!

இழை 14: காணாமல் போன ஏழாவது பெண் கல்யாண வீட்டில் இருக்கிறாள்!

மகாபாரதத்தில் ஒரு கதை. சப்தரிஷிகள் ஏழு பேருக்கும் ஏழு மனைவியர். அக்னியின் மேல் ஆசைப்பட்ட சுவாகா, ஒவ்வொரு ரிஷிபத்தினியின் உருவமாக எடுத்து வந்தாள். ஆறு பேரின் உருவம் எடுக்க முடிந்தது. ஏழாவதாக வசிஷ்டரின் மனைவி அருந்ததியின் உருவத்தை மட்டும் எடுக்க முடியவே இல்லை! பழி விழுந்த ஆறு பேர் வானேறிக் கார்த்திகையானார்கள். அருந்ததி கணவர் பக்கத்திலேயே நின்றுவிட்டாள்.

இன்றும் அப்படியே நிற்கிறாள்! சப்தரிஷி மண்டலத்தில் வசிஷ்டர் என்ற நட்சத்திரத்தை உற்றுப் பாருங்கள். ஒட்டினாற்போல ஒரு மங்கலான புள்ளி. அதுதான் அருந்ததி. நம்மிடமிருந்து ஏறத்தாழ 80 ஒளியாண்டு. கல்யாணத்தில் மாப்பிள்ளையும் பெண்ணும் வானத்தைப் பார்த்துத் தேடுவது அவளைத்தான். இக்கதைப்படி பார்த்தால், உடன் நின்ற ஆறு பேரை விட்டுப் பிரிந்த ஒருத்தி அவள்!

இழை 15: ஏழில் ஒன்று காணோம் என்று உலகமே சொல்கிறது!

கிரேக்கர்களுக்கு இவர்கள் ஏழு சகோதரிகள். அங்கேயும் ஒருத்தி மறைந்துவிட்டதாகக் கதை! ஆஸ்திரேலியப் பழங்குடிகளுக்கும் ஏழு பெண்கள். கிரேக்கக் கதையில் அவர்களைத் துரத்துபவன் வேட்டைக்காரன் ஓரியன். ஆஸ்திரேலியாவிலும் அதே ஓரியன் நட்சத்திரங்களில் ஒருவன் நின்று துரத்துகிறான்! ஒன்றையொன்று அறியாத இரண்டு நாடுகளில் எப்படி ஒரே கதை? ஆஸ்திரேலிய வானியலாளர் ரே நாரிஸ் சொல்லும் விளக்கம் திகைக்க வைக்கிறது. கொத்தில் பிளையோனி, அட்லஸ் என்று இரண்டு நட்சத்திரங்கள் இப்போது நெருங்கி நிற்பதால் கண்ணுக்கு ஒன்றாகத் தெரிகின்றன. ஒரு லட்சம் ஆண்டுகளுக்கு முன் அவை இன்னும் விலகி இருந்தன. அன்று ஏழும் தெரிந்திருக்கும். மனித குலம் ஆப்பிரிக்காவை விட்டுக் கிளம்பும் முன்பே இந்தக் கதை பிறந்திருக்கலாம் என்கிறார்! மனிதன் சொன்ன கதைகளிலேயே மிகப் பழையது இதுவாக இருந்தாலும் இருக்கலாம்!

இழை 16: ரோட்டில் ஓடும் காரிலும் கார்த்திகை!

சுபாரு கார் பார்த்திருக்கிறீர்களா? அதன் சின்னத்தில் மின்னும் ஆறு நட்சத்திரங்கள் இவைதான். சுபாரு என்பது கார்த்திகைக்கு ஜப்பானியர் வைத்த பெயர். ஒன்றுகூடுவது என்ற பொருளும் அதில் இருக்கிறது. நியூசிலாந்தின் மாவோரி மக்களுக்கு இது மாதாரிகி. அது விடியலில் உதிப்பதுதான் அவர்களுக்குப் புத்தாண்டு. 2022 முதல் அங்கே அரசு விடுமுறை! ஜெர்மனியில் 1999-இல் ஒரு வெண்கலத் தட்டு கிடைத்தது. நெப்ரா தட்டு என்பார்கள். வயது ஏறத்தாழ 3,600 ஆண்டு. அதில் சூரியனோ நிலவோ என்று சொல்லும் வட்டத்தோடும் பிறையோடும் சேர்த்துப் பொன்னால் பதித்த ஒரு கொத்தும் இருக்கிறது. எத்தனை புள்ளி தெரியுமா? ஏழு!

இழை 17: தன் விழா இரவில் ஒளிந்துகொள்ளும் நட்சத்திரம்!

கார்த்திகை தீபத்தன்று என்ன நடக்கிறது? முழுநிலா சரியாகக் கார்த்திகைக் கொத்தின் பக்கத்தில் போய் நிற்கிறது. நிலவொளி வெள்ளத்தில் அந்தப் பெண்கள் கரைந்துவிடுகிறார்கள்! யார் பெயரால் விழாவோ, அவர்களைக் கண்ணால் பார்ப்பதே அரிதாகும் இரவு அது! அந்த இரவில்தான் நாம் விளக்கேற்றுகிறோம். 2,668 அடி உயர அண்ணாமலையின் உச்சியில் கொப்பரை எரிகிறது. கோயில் வாசலில் சொக்கப்பனை எரிகிறது. செட்டிநாட்டு வீட்டில் முகப்புத் திண்ணை, வளவு, பின்கட்டு என்று தெரு முதல் தெரு வரை அகல் விளக்கு. வானத்தில் மறைந்தவர்களைத் தரையில் தேடிப் பிடித்து வைத்தது போல!

அவர்களைப் பார்க்க ஆசையா? தீபம் முடிந்து நாலைந்து நாள் பொறுங்கள். நிலா தாமதமாக எழும். முன்னிரவில் மொட்டை மாடியேறிக் கிழக்கே பாருங்கள். ஆறு பேரும் அங்கே இருப்பார்கள்!

இழை 18: நூலால் எழுதும் நாட்காட்டி!

தீபத்துக்கு மறுநாள் நகரத்தார் வீடுகளில் எண்ணிக்கை தொடங்குகிறது. புதுக் கோடி வேட்டியின் நூல், நாளுக்கு ஒன்று என்று 21. ஏன் நூல்? முன்னோர் சொன்ன கதை இது. மரக்கலமேறி வணிகத்துக்குப் போன நகரத்தார் நடுக்கடலில் புயலில் சிக்கினார்கள். பிள்ளையாரை வேண்டிக்கொண்டு, கடந்த நாளை மறக்காமல் இருக்கக் கட்டியிருந்த வேட்டியிலிருந்து நாளுக்கு ஒரு நூல் உருவி வைத்தார்கள். 21 நூல் சேர்ந்தபோது கரை தெரிந்தது. அந்த நூலையே திரியாக்கி, மாவில் பிள்ளையார் பிடித்து, சுடரேற்றிக் கும்பிட்டார்கள். பற்று வரவு எழுதிப் பழகிய கைகள், பேரேடு இல்லாத கடலில் உடுத்த துணியையே பேரேடாக்கின!

இழை 19: அந்த 21-க்குள் ஒளிந்திருக்கும் வானியல் தெரியுமா?

எனக்கு இன்றும் வியப்பு அடங்காத இழை இது! நோன்பு நாளுக்கு இலக்கணம் என்ன? மார்கழி மாதம், வளர்பிறைச் சஷ்டியும் சதய நட்சத்திரமும் கூடும் நாள். இப்போது விரலை மடக்குங்கள்.

தீபத்தன்று நிலா இருப்பது கார்த்திகையில். அது 27-இல் மூன்றாவது. நிலா ஒரு நாளைக்கு ஏறக்குறைய ஒரு நட்சத்திரம் நகரும். மூன்றோடு 21 கூட்டினால் 24. இருபத்து நான்காவது நட்சத்திரம் எது? சதயம்!

தீபத்தன்று திதி பௌர்ணமி. அங்கிருந்து 15 திதி போனால் அமாவாசை. மீதி எத்தனை? ஆறு. அமாவாசைக்குப் பின் ஆறாவது திதி எது? சஷ்டி!

இரண்டும் வெவ்வேறு சக்கரங்கள்! நட்சத்திரங்களைச் சுற்றிவர நிலாவுக்கு 27.3 நாள். ஒரு பௌர்ணமியிலிருந்து அடுத்த பௌர்ணமிக்கு 29.5 நாள். வெவ்வேறு வேகத்தில் சுழலும் இந்த இரண்டு சக்கரமும் தீபத்தன்று ஓரிடத்தில் கிளம்பி, 21-ஆவது நாளில் சதயத்திலும் சஷ்டியிலும் கைகோக்கின்றன. சில வருடங்களில் சற்று முன்பின் நகரும். பஞ்சாங்கம் பார்த்து நாள் குறித்துவிடுவார்கள். தொலைநோக்கி இல்லை, கணினி இல்லை. கோடி வேட்டி நூல் மட்டும் இருந்தது!

இன்னும் கேளுங்கள். சாத்திரப்படி கார்த்திகைக்கு அதிதேவதை அக்னி. சதயத்துக்கு அதிதேவதை யார் தெரியுமா? கடலுக்கு அரசனான வருணன்! நெருப்பின் நட்சத்திரத்தில் தொடங்கிய எண்ணிக்கை, கடலின் நட்சத்திரத்தில் முடிகிறது. கடலில் தத்தளித்தவர்கள் கரை கண்டு சுடரேற்றிய கதையும் இதே இரண்டின் கதைதானே! சஷ்டி முருகனுக்கு உரிய திதி, நோன்போ பிள்ளையாருக்கு. தம்பியை வளர்த்த தாய்மாரின் நட்சத்திரத்தில் தொடங்கி, தம்பியின் திதியில் அண்ணனுக்கு எடுக்கும் நோன்பு! அண்ணன் இருக்கும் பிள்ளையார்பட்டியும் தம்பி இருக்கும் குன்றக்குடியும் நடந்தே போகும் தூரத்தில் அடுத்தடுத்து இருப்பதைச் சொல்லவும் வேண்டுமா!

இழை 20: கடல் தாண்டியும் அறாத நூல்!

ரங்கூன், கொழும்பு, சைகோன், பினாங்கு, சிங்கப்பூர் என்று நகரத்தார் கால் வைத்த ஊரெல்லாம் கோயில் கட்டினார்கள். பினாங்கில் 1857-இல் தண்டாயுதபாணி கோயில் எழுந்தது. சிங்கப்பூர் டேங்க் ரோட்டில் 1859-இல் தெண்டாயுதபாணி கோயில் எழுந்தது. இரண்டிலும் தைப்பூசம் ஊர் திரண்டு கொண்டாடும் விழா. கார்த்திகைப் பெண்களின் பிள்ளை கப்பலேறிப் போன கதை அது! இன்று வெளிநாட்டு நகரங்களிலும் நகரத்தார் ஒன்றுகூடி, ஆவாரம்பூவும் பொரியும் கருப்பட்டிப் பணியாரமும் வைத்து நோன்பு கும்பிட்டு இழை எடுத்துக்கொள்கிறார்கள். உப்பு முதலான மங்கலப் பொருட்களை ஏலம் விட்டு ஊர்ப் பொதுவுக்குப் பணம் சேர்க்கிறார்கள். ஒரு பிடி உப்புக்குப் பெரும் தொகை கேட்பார்கள், தெரியுமா! வாங்குகிறவருக்கு அது அந்த வருடத்தின் நிறைவு. அங்கே அவர்கள் தலைக்கு மேலேயும் அதே ஆறு பேர்!

இழை 21: பிறக்கும் முன்பே ஒரு நட்சத்திரம்!

சங்கு ஒலிக்கிறது. பச்சரிசி மாவும் வெல்லமும் நெய்யும் சேர்த்துப் பிசைந்து கூம்பாகப் பிடித்த பிள்ளையார் தட்டில் இருக்கிறார். 21 நூல் திரித்த இழை, நெய்யில் தோய்ந்து அவர் தலையில் எரிகிறது. வீட்டிலேயே மூத்தவர் அதைச் சுடரோடு எடுத்துக் கொடுக்கிறார். வாங்குகிறவர் சுடரோடு வாயில் போட்டுக்கொள்கிறார். வாய் மூடியதும் காற்று அறுந்து சுடர் அடங்கிவிடுகிறது. வெல்லமும் நெய்யும் இனிக்கின்றன. மூத்தவர் காலில் விழுந்து கும்பிட்டு எழுந்தால் அடுத்தவர் முறை.

அந்த வரிசையில் வயிற்றுப் பிள்ளைக்காரி ஒருத்தி வந்தால் அவளுக்கு எத்தனை இழை தெரியுமா? இரண்டு! ஒன்று அவளுக்கு. இன்னொன்று வயிற்றில் இருக்கும் பிள்ளைக்கு!

நம் ஊரில் குழந்தை பிறந்த பிறகுதான் நேரம் பார்த்து நட்சத்திரம் குறிப்போம். இந்தப் பிள்ளைக்கு இன்னும் நேரமில்லை, ராசியில்லை, பெயரில்லை. 440 ஒளியாண்டுக்கு அப்பால் ஆறு தாய்மார் ஏற்றி வைத்த நெருப்பிலிருந்து ஒரு துளி மட்டும், மழைக்காரிகளின் பெயரோடு, சங்க காலத்து அகலோடு, கடலில் உருவிய நூலோடு வந்து, பிறக்கும் முன்பே அதன் பங்காகச் சேர்ந்துவிட்டது!